நான்கில் எந்த இரண்டு

கடைசி மூட்டையின் வாயை அவிழ்த்து எத்னாள் கையை விட்டாள். முழங்கை வரை போயிற்று, தோள் வரை போயிற்று, அதற்கப்புறம்தான் கோதுமை விரலில் பட்டது. அடியில் நாலு படி இருக்கும், தாராளமாகச் சொன்னால் ஐந்து. இது தெரியாத விஷயமா என்ன, நேற்றும் இதே மூட்டையில் கை விட்டவள் அவள்தானே, விடிவதற்குள் மூட்டை தன்னால் நிரம்பிவிடுமா? ஆனாலும் கை நம்பிக்கொண்டு போயிற்று, கையை என்ன செய்வது. அறுபது வாய்கள் உள்ள குடும்பம். மாமியார் லேயாள் கண்ணை மூடின நாளிலிருந்து தானியத்தின் பொறுப்பு மூத்த மருமகளான அவளுடையது. மாமனார் யாக்கோபில் தொடங்கி போன வாரம் தாய்ப்பால் மறந்த குழந்தை வரைக்கும் அவள் அரைத்துக் கொடுப்பதைத்தான் தின்றாக வேண்டும். எபிரோன் பள்ளத்தாக்கில் மழை என்று ஒன்று பெய்து இரண்டு வருஷமாயிற்று. ஆடுகள் கூடாரத்துக் கயிற்றை மென்றுகொண்டிருக்கின்றன. ஆனால் எத்னாளுக்குப் பசியைக் கண்டு பயமில்லை, பசி அவளுக்குச் சின்ன வயதிலேயே பழக்கமான விருந்தாளி. அவள் பயம் வேறு. மூட்டை தீர்ந்தால் ஆட்கள் மறுபடியும் எகிப்துக்குப் போக வேண்டும். அங்கே தானியம் விற்கிற அந்தப் பெரிய அதிகாரி, உங்கள் கடைக்குட்டித் தம்பி இல்லாமல் என் கண்ணில் படாதீர்கள் என்று சொல்லி, கொழுந்தன் சிமியோனைப் பிடித்து வைத்துக்கொண்டான். ஆகவே பென்யமீனையும் கூட்டிக்கொண்டுதான் போக வேண்டும். பென்யமீன் போய்த் திரும்பி வராவிட்டால் அவளுடைய நாலு பிள்ளைகளில் இரண்டு பேர் சாக வேண்டும். இவ்வளவுதான். ஒன்றை இழுத்தால் அடுத்தது வருகிறது, அடுத்ததை இழுத்தால் அதற்கடுத்தது. எங்கே தொட்டாலும் கடைசியில் அவள் பிள்ளைகளில் போய்த்தான் முடிகிறது. அவள் மூட்டையைக் கவிழ்த்து உதறினாள். கோதுமை முறத்தில் விழுந்த சத்தம் கொஞ்சமாகத்தான் இருந்தது.

சொன்னது எதிரியா? இல்லை, பெற்ற அப்பன். அவள் புருஷன் ரூபன், யாக்கோபின் மூத்த மகன். மூன்று மாதத்துக்கு முன்னால், எகிப்திலிருந்து வந்த மூட்டைகளைக் கழுதைகளிலிருந்து இறக்கிக்கொண்டிருந்த சாயங்காலம். அவள் ஆட்டுமயிர்த் திரைக்கு இந்தப் பக்கம் நின்று, கால் கழுவத் தண்ணீர் எடுத்துக்கொண்டிருந்தாள். திரைக்கு அந்தப் பக்கம் கிழவர் அழுதுகொண்டிருந்தார். யோசேப்பு போனான், சிமியோன் போனான், இப்போது பென்யமீனையும் கேட்கிறீர்களா என்று நெஞ்சில் அடித்துக்கொண்டார். அப்போதுதான் ரூபனின் குரல் கேட்டது. தொண்டையைச் செருமிவிட்டு, ஏதோ ஆட்டை விலை பேசுகிற மாதிரி நிதானமாக, "அப்பா, பென்யமீன என் கையில குடுங்க. நான் அவனத் திருப்பிக் கொண்டாரலேன்னா என் பிள்ளைங்க ரெண்டு பேரக் கொன்னு போட்டுருங்க" என்றான். அவள் கையில் இருந்த தண்ணீர் காலில் கொட்டியது. கொட்டியது என்பதே பிறகுதான் தெரிந்தது. ரெண்டு பேர். நாலு பேர் என்று சொல்லியிருந்தால்கூட ஒரு விதத்தில் நிம்மதி, நாலு பேரோடு அவளும் போய்ச் சேர்ந்துவிடலாம். ஒருவன் என்றால் அதுவும் ஒரு பேச்சு. ஆனால் ரெண்டு. எந்த ரெண்டு என்று சொன்னானா? சொல்லவில்லை. அப்படி ஒரு கேள்வி இருப்பதே அவனுக்குத் தோன்றியிருக்காது. பேரப் பிள்ளைகள் இரண்டைக் கொன்றால் கிழவருக்கு மனசு ஆறிவிடும் என்று இந்தக் குடும்பத்தில் பிறந்த ஆண்பிள்ளை ஒருவனுக்குத்தான் தோன்றும். கொன்று போட்டு என்ன செய்வார், அவர் தாத்தாவா, ஓநாயா? ஆனால் மாமனார் என்ன பதில் சொன்னார், அதுதான் முள். பென்யமீன் உங்களோடு வரமாட்டான் என்றார். அவ்வளவுதான் சொன்னார். உன் பிள்ளைகள் எனக்கு வேண்டாம் என்று சொல்லவில்லை. சீ, இது என்ன பேச்சு என்று ஒரு அதட்டல் போடவில்லை. வேண்டாம் என்று சொல்லாத வரைக்கும் அந்த வாக்கு எங்கேயோ ஆணியில் மாட்டிய தண்ணீர்த் தோல்பை மாதிரி தொங்கிக்கொண்டுதானே இருக்கும்? இந்த மனிதர்கள் வாய்விட்டுச் சொன்னதைத் திரும்ப எடுக்க மாட்டார்கள். மாமனாரின் அப்பா குருட்டுக் கண்ணோடு ஆள் மாறி ஆசீர்வாதம் பண்ணினவர். தப்பு என்று தெரிந்த பிறகும் சொன்னது சொன்னதுதான் என்று விட்டுவிட்டாராம். அப்படிப்பட்ட வீட்டில் வாழ்க்கைப்பட்டு வந்திருக்கிறாள்.

கல்லுக்கு முன்னால் மண்டி போட்டு உட்கார்ந்தாள். சாய்வான அடிக்கல்லில் ஒரு பிடி கோதுமையை வைத்து, மேல்கல்லை இரண்டு கையாலும் பிடித்து முன்னே தள்ளி, பின்னே இழுத்து. முன்னே தள்ளும்போது கல் ஒரு குரலில் பேசும், பின்னே இழுக்கும்போது வேறு குரலில். மூன்று மாதமாக அது ஒரே கேள்வியைத்தான் கேட்கிறது. முன்னே தள்ளினால் எந்த, பின்னே இழுத்தால் ரெண்டு. எந்த, ரெண்டு. அவள் பதிலுக்கு வேறு எதையாவது நினைத்துக்கொள்வாள், பூண்டு, உப்பு, கிணற்றுக் கயிறு அறுந்துபோனது, இன்றைக்கு முதுகு எப்படி வலிக்கிறது. கொஞ்ச நேரம் தாங்கும். அப்புறம் கர்மீ நினைவுக்கு வருவான். கர்மீக்கு நாலு வயது, இன்னும் தூக்கத்தில் அவள் மேலாடையின் முனையைத் தேடிப் பிடித்துக்கொண்டுதான் உறங்குகிறான், அவனை யார் கேட்க முடியும், கேட்கிற வாய் அழுகிப் போகாதா. கர்மீ இல்லை. எஸ்ரோன்? எஸ்ரோன் போன வருஷம் காய்ச்சலில் ஏழு நாள் கண் திறக்காமல் கிடந்தான். எட்டாம் நாள் மூச்சு நின்றுவிட்டது என்று மற்றவர்கள் அழத் தொடங்கிவிட்டார்கள். அவள் மட்டும் அவன் உள்ளங்காலைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். ஒரு தடவை செத்துப் பிழைத்தவனை இன்னொரு தடவை கொல்வது நியாயமில்லை, அதை யாரும் ஒத்துக்கொள்வார்கள். எஸ்ரோனும் இல்லை. கர்மீ இல்லை, எஸ்ரோன் இல்லை. ஆக. கல் நின்றது. அவள் மீதியை எண்ணவில்லை. எண்ணவே இல்லை, சத்தியமாக எண்ணவில்லை. இங்கே வந்ததும் எப்போதும் கல்லை நிறுத்திவிடுவாள், எழுந்து போய்த் தண்ணீர் குடிப்பாள். இன்றைக்கும் எழுந்தாள், தண்ணீர் சூடாக இருந்தது, மண் வாடை அடித்தது. திரும்பி வந்து உட்கார்ந்தபோது படுக்கைச் சுருளுக்குப் பின்னால் இருந்த சாடியின்மேல் கண் போயிற்று. சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு அதைத் திறந்தாள். உள்ளே கர்வாலி மரத்துக் கொட்டை மாவு. ஆடு தின்கிற கொட்டை. பொறுக்கி, தோலுரித்து, கசப்புப் போக மூன்று நாள் தண்ணீரில் ஊறவைத்து, காயவைத்து, ஒருவருக்கும் தெரியாமல் இடித்தது. மூன்று மாதமாக ஒரு படி கோதுமைக்கு ஒரு படி இதைக் கலந்துகொண்டிருக்கிறாள், இன்றைக்கும் அள்ளி முறத்தில் அரைத்த மாவோடு கலந்தாள். ஒன்றரை மாதத்தில் தீர வேண்டிய மூட்டைகள் இத்தனை நாள் வந்தது இப்படித்தான். மாமனார் அப்பத்தைப் பிட்டு வாயில் வைத்து, கோதுமைகூடக் கசக்கிற காலம் வந்துவிட்டது என்று கண்ணீர் விட்டார். எத்னாள் பக்கத்தில் நின்று தலையை ஆட்டினாள். எகிப்துக் கோதுமை இப்படித்தான் இருக்கும் போல, மாமா, என்றாள். ஒரு நாள் தள்ளிப்போனால் ஒரு நாள் லாபம். மழை வந்துவிடலாம், அந்த அதிகாரி செத்துவிடலாம், மாமனாரேகூட, சீ, வாயைக் கழுவு.

இந்த வீட்டில் பிள்ளை என்றாலே எண்ணிப் பார்க்கிற சமாச்சாரம்தான். அவள் மருமகளாக வந்த முதல் வருஷமே புரிந்துவிட்டது. மாமனாருக்குக் கண் நிறையப் பிடித்தது ராகேல், கட்டிவைத்தது அக்காக்காரி லேயாளை, பிறகு இரண்டு பேரையும். அக்காளும் தங்கையும் ஒரே புருஷனுக்குப் போட்டி போட்டுப் பிள்ளை பெற்றார்கள். தாங்கள் களைத்துப் போனபோது தங்கள் வேலைக்காரிகளை அனுப்பிப் பெறவைத்தார்கள். அந்தப் பிள்ளைகள் வளர்ந்து, அம்மாக்கள் விட்ட இடத்திலிருந்து போட்டியை எடுத்துக்கொண்டார்கள். சாப்பிட உட்காரும்போது கிழவரின் கை எந்தப் பக்கம் போகிறது என்று பத்து ஜோடிக் கண்கள் பார்த்துக்கொண்டே இருக்கும். கை போனதெல்லாம் ராகேல் மகன் யோசேப்புப் பக்கம்தான். அவனுக்கு மட்டும் பல வண்ணத்தில் ஒரு அங்கி. ஒரு நாள் அங்கி மட்டும் வந்தது, இரத்தத்தில் தோய்ந்து. ஏதோ மிருகம் அடித்துவிட்டது என்றார்கள். அதற்குப் பிறகு கிழவரின் கை ராகேலின் இன்னொரு மகன் பென்யமீன் பக்கம் போயிற்று. ஆனால் எத்னாளுக்குத் தெரியும், அங்கி வருவதற்கு முன்னாலேயே ரூபன் வந்துவிட்டான், தன் சட்டையைத் தானே கிழித்துக்கொண்டு, புதுப்பெண்ணாக இருந்த அவள் மடியில் விழுந்து, "குழி காலியா இருக்கு, குழி காலியா இருக்கு" என்று உளறினான். எந்தக் குழி என்று அவள் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம். இருபத்திரண்டு வருஷமாகக் கேட்காமலே இருக்கிறாள். குழியில் போட்டது மிருகமா, ரூபனின் தம்பிகளா, ரூபன் அப்போது எங்கே போயிருந்தான், இதெல்லாம் தெரிந்தால் அவனோடு வாழ முடியாமல் போய்விடும் என்று அன்றைக்கே உள்ளுக்குள் தெரிந்திருந்தது. ஆனால் பழி என்று ஒன்று வழி தெரியாமலா அலையும்? யாரோ ஒரு பிள்ளையைப் போக்கடித்தார்கள், அதற்கு யாரோ பிள்ளை கொடுத்தாக வேண்டும், கொடுக்கிறேன் என்று முதலில் கையைத் தூக்கியது அவள் புருஷன். அதுவும் எதற்காக? அப்பன் ஒரு தடவையாவது தன்னை மூத்தவன் என்று பார்க்க வேண்டும் என்பதற்காக. பில்காளின் கூடாரத்துக்குள் அவன் போன அந்த அசிங்கத்துக்குப் பிறகு, அப்பனின் சின்ன மனைவி என்றுகூடப் பாராமல், போனான், போய்விட்டான், அன்றிலிருந்து கிழவர் அவன் முகத்தைப் பார்த்துப் பேசுவதில்லை. பேசினாலும் அவன் தோளுக்கு மேலே எங்கேயோ பார்த்துப் பேசுவார். அந்த ஒரு பார்வையைத் திரும்ப வாங்கத்தான் இவ்வளவு பாடும். அதற்கு அவன் கையில் இருந்ததில் பெரியது பிள்ளைகள், எடுத்து நீட்டிவிட்டான். எத்னாளுக்கு அவன்மேல் ஆத்திரம் வந்தது, பாவமாகவும் இருந்தது, இரண்டும் சேர்ந்து வந்ததில் கல்லை வேகமாகத் தள்ளினாள். மேல்கல் நழுவி விரலை நசுக்கியது.

"தள்ளுக்கா, நான் கொஞ்ச நேரம் அரைக்கறேன்" என்று சிமியோன் மனைவி சல்மாள் வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். இடுப்பில் கைக்குழந்தை, அதை இறக்கித் தரையில் விட்டாள். சல்மாள் கானானியப் பெண், எத்னாளுக்கு இளைய ஓரகத்தி, அதிகம் பேச மாட்டாள். புருஷன் எகிப்தில் பிடிபட்ட நாளிலிருந்து கூடாரக் கம்பத்தில் தினம் ஒரு கீறல் போட்டு வருகிறாள் என்று எல்லோருக்கும் தெரியும். எத்னாள் வேண்டாம் என்று சொல்வதற்குள் அவள் கை முறத்தில் இருந்தது. மாவை அள்ளினாள், உள்ளங்கையில் பரப்பினாள், பழுப்பாக ஒரு தோல் துணுக்கு. அதை எடுத்து நாக்கில் வைத்தாள்.  ஏதாவது சொல், பூச்சி என்று சொல், பழைய மூட்டை என்று சொல் என்று எத்னாள் தன்னையே உந்திக்கொண்டாள். "இது கர்வாலிக் கொட்டையில்ல?" என்றாள் சல்மாள். பிறகு படுக்கைச் சுருள் பக்கம் திரும்பிப் பார்த்தாள், மூடி திறந்த சாடியைப் பார்த்தாள். "எத்தன நாளாக்கா?" எத்னாள் சொன்னாள். மூன்று மாதம். பொய் சொல்ல நினைத்தும் உண்மைதான் வந்தது. "எஞ் சின்னது நாலு நாளா வயித்த வலிச்சு அழுவுது. தண்ணி சேரலன்னு நெனச்சு நான் அதுக்கு ரெண்டு அப்பமாக் குடுத்திட்டிருந்தேன்" என்று சல்மாள் மெதுவாகச் சொன்னாள். "எதுக்குக்கா?" "மூட்டை தீந்தா போவாங்க சல்மா. போனா எம் பிள்ளைங்க..." "மூட்டை தீந்தாத்தானே அவர மீட்டுட்டு வருவாங்க? நான் ஒவ்வொரு நாளும் மூட்டையப் பாத்துட்டிருந்தேன், எப்பத் தீரும், எப்பத் தீரும்னு. நீ தீராமப் பாத்துக்கிட்டிருந்திருக்க. ஒம் பிள்ளைங்க இங்க ஓடியாடித் திரியறதுக்கு எம் புருஷன் அங்க சங்கிலியில கெடக்கணுமா?" எத்னாள் அவள் கையைப் பிடித்தாள், சல்மாள் உதறவில்லை, பிடிக்கவும் இல்லை, கை அப்படியே கிடந்தது. பிறகு எழுந்தாள். தரையில் கிடந்த காலி மூட்டையைச் சுருட்டி எடுத்தாள். குழந்தையைத் தூக்கவில்லை. மூட்டையோடு நேரே ஆண்கள் உட்கார்ந்திருந்த பெரிய மரத்தடிக்கு நடந்தாள்.

போகிறாள். சொல்லப் போகிறாள். கூப்பிடலாமா, ஓடிப்போய்க் காலில் விழலாமா, மாவு ஒட்டின கை மடியிலேயே கிடந்தது. மாமா, உங்க மூத்த மருமகள் மூன்று மாதமாக உங்களுக்கு ஆட்டுத் தீனி போட்டிருக்கிறாள் என்று சொல்வாள். கிழவர் எதையும் மறக்க மாட்டார். இந்தப் பழியும் ரூபன் தலையில்தான் ஏறும். மூத்தவன், மூத்தவன் என்று அவன் ஒட்டவைத்துக்கொண்டிருக்கிற கடைசித் துண்டும் போகும். அவமானத்தில் அவன் என்ன சொல்வான்? இன்னொரு வாக்கு கொடுப்பான். ரெண்டு போதாது, நாலையும் எடுத்துக்கோங்க என்பான். எத்னாளுக்குச் சட்டென்று சிரிப்பு வந்தது, சிரித்தால் நிறுத்த முடியாது என்று பயந்து உதட்டைக் கடித்தாள். சல்மாளின் குழந்தை தவழ்ந்து வந்து முறத்தில் கை வைத்தது. அதைத் தூக்கி மடியில் போட்டுக்கொண்டாள். வயிறு தோல்பை போல இறுகியிருந்தது. அவள் கலந்த கொட்டைதான் உள்ளே கிடக்கிறது. தன் பிள்ளைகளுக்காக ஊரார் பிள்ளையின் வயிற்றைக் கெடுத்தாயிற்று, ஊரார் பிள்ளை என்ன, அவள் பிள்ளைகளும் இதைத்தானே தின்றார்கள், பசியோடுதானே படுத்தார்கள். சாகாமல் காப்பதற்காகப் பட்டினி போட்டிருக்கிறாள். மரத்தடியில் சத்தம். திரையை விலக்கப் பயம், விலக்காமலிருக்க அதைவிடப் பயம். விலக்கினாள். சல்மாள் மாமனாருக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தாள், மருமகள்கள் யாரும் நிற்காத இடத்தில், தலைத்துணி நழுவியிருந்தது. காலி மூட்டையைக் கிழவரின் காலடியில் போட்டாள். "மாமா, மாவு தீந்துருச்சு. இன்னைக்கு அப்பம்தான் கடைசி. நாளைக்கு என்னத் தின்னணும்னு நீங்களே சொல்லுங்க." அவ்வளவுதான். எத்னாள் காத்திருந்தாள், அடுத்த வார்த்தைக்கு, கொட்டை என்கிற வார்த்தைக்கு. அது வரவில்லை. சல்மாள் அதைச் சொல்லாமலே திரும்பினாள். நன்றி என்று ஒன்று தோன்ற வேண்டும், தோன்றவில்லை, இன்னும் பெரிய பயம்தான் வந்தது, ஏனென்றால் மூட்டை தீர்ந்துவிட்டது என்பது இப்போது வாய்விட்டுச் சொல்லப்பட்டுவிட்டது.

கிழவர் அந்த மூட்டையையே பார்த்துக்கொண்டிருந்தார். ரூபன் எழுந்தான். எழாதே, எழாதே, உட்கார் என்று எத்னாள் திரைக்குப் பின்னாலிருந்து உதட்டை அசைத்தாள். அவன் தொண்டையைச் செருமினான். அதே செருமல். அவள் குழந்தையை இறுக்கிப் பிடித்ததில் அது கத்தத் தொடங்கியது, அந்தக் கத்தலில் ரூபன் என்ன சொன்னான் என்று கேட்கவில்லை. அவன் உதடுகள் அசைந்தன, கிழவர் அவன் தோளுக்கு மேலே பார்த்தார். பிறகு நாலாமவன் யூதா எழுந்து, அண்ணனை ஒதுக்கிவிட்டு முன்னால் வந்தான். தள்ளவில்லை, ஒதுங்கும்படி நின்றான், ரூபன் ஒதுங்கினான். யூதாவுக்குப் பெரிய குரல், குழந்தையின் அழுகையைத் தாண்டியும் கேட்டது. "இந்நேரம் ரெண்டு தடவ போயிட்டு வந்திருக்கலாம் அப்பா. எல்லாரும் சாகறதுக்கா காத்திருக்கோம்? பென்யமீனுக்கு நான் பொறுப்பு. அவனுக்கு ஒண்ணு ஆச்சுன்னா என்னக் கேளுங்க. எம் பிள்ளையக் கேக்காதீங்க, அடுத்தவம் பிள்ளையக் கேக்காதீங்க, என்னக் கேளுங்க. நான் உசிரோட இருக்கற வரைக்கும் கேளுங்க." யூதா இரண்டு பிள்ளைகளைத் தன் கையால் மண்ணில் வைத்தவன். வளர்ந்த பிள்ளைகள், ஒருவன் பின்னால் ஒருவனாக. ரெண்டு என்றால் எவ்வளவு என்று அந்த மரத்தடியில் அவன் ஒருவனுக்குத்தான் தெரியும், கிழவருக்குக்கூட ஒன்றின் எடைதான் தெரியும்.  கிழவர் தலையைத் தூக்கி யூதாவின் முகத்தைப் பார்த்தார். நேராக. எத்னாள் அதைப் பார்த்தாள். ரூபனும் அதைப் பார்த்தான் என்பதையும் பார்த்தாள். போய் வாங்க என்று கிழவர் சொல்வதற்கு முன்னாலேயே எல்லாம் முடிந்துவிட்டது.

ரூபன் கூடாரத்துக்குள் வந்தபோது அடுப்பில் கல் காய்ந்துகொண்டிருந்தது. அவன் வாசல் கம்பத்தில் சாய்ந்து உட்கார்ந்து, கால் விரலில் ஒட்டிய மண்ணைத் தேய்த்துக்கொண்டிருந்தான். "யூதா பேச்ச அப்பா ஏத்துக்கிட்டார்" என்றான். "கேட்டுது." "நாந்தான் மூத்தவன். நான் முன்னாடியே கேட்டேன், எங்கிட்டக் குடுக்கல."  நாற்பத்தைந்து வயது ஆண், தாடியில் நரை, அப்பா என்னைப் பார்க்கவில்லை என்று அழுகிறான். எத்னாளுக்கு அவனை மடியில் போட்டுக்கொள்ளவும் தோன்றியது, அடுப்புக் கட்டையால் ஒரு போடு போடவும் தோன்றியது. ஆனால் அதற்கு முன்னால் ஒன்றைக் கேட்டாக வேண்டும். மூன்று மாதமாக வாய்க்குள் வைத்திருந்து அது உளுத்துப்போயிருந்தது. "அப்ப நம்ம பிள்ளைங்க?" என்றாள். "எந்தப் பிள்ளைங்க?" "அன்னைக்குச் சொன்னீங்களே. ரெண்டு பேர." ரூபன் அவளைப் பார்த்தான். நெற்றியைச் சுருக்கினான், தேடினான், உண்மையாகவே தேடினான், அவன் நடிக்கவில்லை, அவனுக்கு நடிக்கத் தெரியாது. "ஓ, அதுவா" என்றான். "அது ஒரு பேச்சுக்குச் சொன்னது எத்னா. அப்பாகூட அதக் காதுல போட்டுக்கல. அத இன்னுமா மனசுல வச்சிட்டிருக்க?"  அவள் கல்லில் ஒரு அப்பத்தைத் தட்டிப் போட்டாள். ஆக, ஒருவரும் கேட்கவே இல்லை. சொன்னவன் மறந்துவிட்டான், கேட்டவர் காதில் வாங்கவில்லை. அந்த வாக்கு ஆணியிலும் இல்லை, கம்பத்திலும் இல்லை, இவள் ஒருத்தி மட்டும் அதைத் தூக்கிச் சுமந்து, கொட்டை பொறுக்கி, குழந்தையின் வயிற்றைக் கெடுத்து, ஒருவனைக் கூடுதலாகச் சிறையில் கிடத்தி. அவளுக்குச் சந்தோஷமாக இருக்க வேண்டும். பிள்ளைகளுக்கு ஒன்றும் ஆகாது, நாலு பேருக்கும். நாலு பேருக்கும், நாலு பேருக்கும் என்று சொல்லிப் பார்த்தாள். அப்பத்தின் ஓரம் கருகியது. ரூபன் எழுந்து, கழுதைகளுக்குச் சேணம் பார்க்கப் போகிறேன் என்று போய்விட்டான்.

அவன் போன பிறகும் வாசலில் நிழல் இருந்தது. மூத்தவன் ஆனோக்கு, பதினாறு வயது, விறகுக் கட்டைத் தோளிலிருந்து இறக்கி அடுப்புக்குப் பக்கத்தில் வைத்தான். எவ்வளவு நேரமாக நின்றானோ. "சித்தப்பாவே பொறுப்பு எடுத்துக்கிட்டார்ன்னாங்க" என்றான். "ஆமா" என்றாள் அவள், மாவைப் பிசைந்துகொண்டே. "அப்ப நானும் பல்லுவும் சாக வேண்டாம்." மாவில் இருந்த கை நின்றது. பல்லு அவளுடைய இரண்டாவது மகன், பதின்மூன்று வயது. "யாரு சொன்னா ஒங்கிட்ட? யாரு அப்படியெல்லாம்..." "யாரும் சொல்லல. அன்னைக்கு நாங்க கழுதைங்களுக்குத் தண்ணி காட்டிட்டிருந்தோம், அப்பா பேசினது கேட்டுது." "அப்பா பேரு சொல்லலையே ஆனோக்கு, ரெண்டு பேருன்னுதானே சொன்னார், எந்த ரெண்டுன்னு சொல்லலையே" என்று அவள் அவசரமாகச் சொன்னாள், சொல்லும்போதே குரல் தன்னைக் காட்டிக்கொடுப்பது தெரிந்தது. "ஆமா, அப்பா சொல்லல" என்றான் அவன். கோபமே இல்லை, விறகை ஒழுங்காக அடுக்கிக்கொண்டிருந்தான். "நாங்க யாருன்னு தெரியாமத்தான் இருந்தோம். அப்புறம் பல்லுதான் கண்டுபுடிச்சான். அன்னைலேர்ந்து நீ எஸ்ரோனப் பாக்கற, கர்மீயப் பாக்கற. எங்க ரெண்டு பேர் மூஞ்சிய மட்டும் பாக்கறதே இல்லம்மா. தண்ணி குடுத்தாலும் கீழ பாத்துட்டுத்தான் குடுக்கற." அடுப்பில் இன்னொரு அப்பம் கருகியது, அவள் அதைத் திருப்பவில்லை. எதையாவது சொல்ல வேண்டும், இல்லை என்று சொல்ல வேண்டும், அவன் காத்திருக்கிறான். எத்னாள் தலையை நிமிர்த்தி மகனின் முகத்தைப் பார்த்தாள். அவனுக்குத் தாடி அரும்பியிருந்தது. எப்போது அரும்பியது என்று அவளுக்குத் தெரியவில்லை.